பெருங்கலமும் பெருங்கடனும்: பொறியாளர் புரூனலின் வாழ்வு

கப்பலே கவிழ்ந்தாலும் கன்னத்தில் கை வைக்கக் கூடாது என்று வீட்டுப் பெரியவர்கள் கண்டிப்பதைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். ஒரு குடும்பத்திற்கு நேரக்கூடிய இழப்புகளிலெல்லாம் பேரிழப்பு கப்பல் கவிழ்வதுதான் என்று கடலோரத்தில் வாழ்ந்த முன்னோர் கண்டறிந்திருந்தனர். அவர்கள் அறிந்த மற்றொன்றும் உண்டு. கடலில் இறங்கிய பின் கவிழ்வது மட்டுமன்று, கடலைக் காணுமுன்பே கரையிலேயே ஒரு கப்பல் தன்னைக் கட்டியவரைக் கவிழ்த்துவிடக் கூடும். தோணித் தொழிலோடு தொடர்புடைய குடும்பத்தினர் இதனை நன்குணர்வர். மரத்திற்கும் இரும்பிற்கும் தச்சருக்கும் பாய்க்கும் கொடுக்கும் பணம் கணக்கில் தெரியும். வேலை தள்ளிப்போகும் ஒவ்வொரு நாளும் ஏறும் வட்டி கண்ணுக்குத் தெரியாது. அவ்வாறு தெரியாமல் ஏறிய செலவோடு தம் வாழ்நாளின் இறுதிவரை போராடிய ஒருவரின் வரலாற்றையே இங்குச் சொல்லப் புகுகின்றேன். அவர் இங்கிலாந்து நாட்டுப் பொறியாளர் இசம்பார்டு கிங்டம் புரூனல்.

புரூனல் 1806ஆம் ஆண்டு ஏப்ரல் 9ஆம் நாள் போர்ட்ஸ்மத் துறைமுகப் பகுதியில் பிறந்தார். தந்தையார் மார்க் புரூனல் பிரெஞ்சுக்காரர். பிரெஞ்சுப் புரட்சியின்போது தாயகத்தை விட்டு அமெரிக்காவுக்கும், பின்னர் 1799இல் இங்கிலாந்துக்கும் வந்து சேர்ந்தவர். கப்பல் செலவைக் குறைக்கும் கலையில் மகனுக்கு முன்னோடி அவரே. பாய்க்கப்பல் காலத்தில் ஒரு போர்க்கப்பலுக்குக் கயிறிழுக்கும் கப்பிகள் மட்டும் ஏறக்குறைய ஆயிரம் தேவைப்பட்டன. பிரிட்டிஷ் கடற்படைக்கு ஆண்டுதோறும் வேண்டிய கப்பிகள் ஒரு லட்சத்தை எட்டின. அவை அனைத்தும் கையால் கடையப்பட்டு வந்த நிலையில், மார்க் புரூனல் வடிவமைத்த இயந்திரத் தொகுதி 110 தொழிலாளர் செய்த வேலையைப் பத்துப் பேர் செய்யுமாறு ஆக்கியது. ஒரே அளவான பொருளை இயந்திரத்தால் திரளாகச் செய்யும் முறைக்கு உலகில் காட்டப்படும் தொடக்ககாலச் சான்றுகளுள் இது முதன்மையானது.

ஆயினும் அறிவால் நாட்டின் பணத்தை மிச்சப்படுத்தியவர் தம் பணத்தைக் காக்கத் தெரியாதவராக இருந்தார். 1814இல் அவருடைய மர ஆலை தீக்கிரையாயிற்று. படைவீரர்களுக்குக் காலணி செய்யும் ஆலை, போர் முடிந்ததும் வாங்குவாரின்றி நின்றது. 1821இல் கடனைக் கட்ட இயலாமல் அவர் சிறை செல்ல நேர்ந்தது. மனைவியும் அவருடன் அங்கேயே தங்கினார். உருசியப் பேரரசர் இவரை அழைத்துக்கொள்ளக் கூடும் என்ற பேச்சு எழுந்த பின்னரே பிரிட்டிஷ் அரசு 5,000 பவுண்டு அளித்து அவரை மீட்டது. மகன் இசம்பார்டு அப்போது பிரான்சில் படித்துக்கொண்டிருந்த பதினைந்து வயதுச் சிறுவர். தந்தை கடனுக்காகச் சிறை சென்ற செய்தி அப்பருவத்துப் பிள்ளையின் நெஞ்சில் எத்தகைய வடுவை ஏற்படுத்தியிருக்கும் என்பதை விரித்துரைக்க வேண்டுவதில்லை. பிற்காலத்தில் பிறருடைய பணத்தைக் கொட்டிக் கப்பல் கட்டியபோதெல்லாம், தம் சொந்தச் சேமிப்பையும் அதில் இட்டே கட்டினார் என்பதை இத்துடன் சேர்த்து எண்ணிப் பார்க்கலாம்.

தேம்சு ஆற்றின் அடியில் தந்தையார் குடைந்த சுரங்கப்பாதையில் பணியாற்றி, 1828இல் நீர் புகுந்தபோது மயிரிழையில் உயிர்பிழைத்தார். 1833இல், தமது இருபத்தேழாம் வயதில், இலண்டனையும் பிரிஸ்டல் நகரையும் இணைக்கும் கிரேட் வெஸ்டர்ன் இரயில்வேயின் தலைமைப் பொறியாளரானார். அவர் அமைத்த பாலங்களையும் இருப்புப்பாதைகளையும் பற்றிச் சொல்லத் தொடங்கினால் இம்மலர் முழுவதும் போதாது. நமக்கு வேண்டியவை அவருடைய மூன்று கப்பல்கள்.

இரயில் பாதை பிரிஸ்டலோடு ஏன் நிற்க வேண்டும், நீராவிக் கப்பல் வழியாக நியூயார்க் வரை ஏன் நீளக் கூடாது என்று கம்பெனிக் கூட்டமொன்றில் அவர் கேட்டதாகச் சொல்வர். வேடிக்கையாகக் கேட்கப்பட்ட அக்கேள்வியே கிரேட் வெஸ்டர்ன் என்னும் கப்பலாக உருவெடுத்தது. அக்காலத்தில் நீராவிக் கப்பலால் அட்லாண்டிக் பெருங்கடலை இலாபமாகக் கடக்க முடியாது என்ற கருத்து அறிஞரிடையே வலுவாக இருந்தது. தூரம் கூடினால் நிலக்கரி கூடும். நிலக்கரி கூடினால் பெரிய கப்பல் வேண்டும். பெரிய கப்பலை உந்த மேலும் நிலக்கரி வேண்டும். இறுதியில் சரக்குக்கு இடமே இராது என்பது அவர்தம் வாதம். கேட்பதற்குச் சரியாகவே தோன்றும் வாதம் இது. புரூனல் இதனைக் கணக்கால் உடைத்தார்.

அக்கணக்கு எளியது, கலை மாணவரும் புரிந்துகொள்ளலாம். ஒரு கப்பலின் நீளம், அகலம், ஆழம் மூன்றையும் இருமடங்காக்கினால் அதன் கொள்ளளவு எட்டு மடங்காகும். ஆனால் நீரோடு உராயும் அடிப்பரப்போ நான்கு மடங்கே ஆகும். தண்ணீரின் தடையை வெல்லத் தேவைப்படும் ஆற்றல் பெரும்பாலும் பரப்பையே பொறுத்தது. ஆகவே கப்பல் பெரிதாகப் பெரிதாக, ஒரு டன் சரக்குக்குச் செலவாகும் நிலக்கரி குறைந்துகொண்டே வரும். இன்று கடலில் மிதக்கும் மாபெரும் எண்ணெய்க் கப்பல்களும் சரக்குப் பெட்டகக் கப்பல்களும் நிற்பது இக்கணக்கின்மீதுதான்.

கிரேட் வெஸ்டர்ன் 1837 ஜூலை 19இல் நீரில் இறக்கப்பட்டது. 1838 ஏப்ரலில் முதற்பயணம் புறப்படுமுன் அதில் தீப்பற்றியது. தீயை அணைக்க இறங்கிய புரூனல் எரிந்த ஏணிப்படி முறிந்து கீழே விழுந்து படுகாயமுற்றார். செய்தியறிந்த பயணிகளில் ஐம்பதுக்கும் மேற்பட்டோர் பயணத்தைக் கைவிட, எஞ்சியோர் எழுவரே. இருப்பினும் ஏப்ரல் 23இல் கப்பல் நியூயார்க்கை அடைந்தபோது ஏறக்குறைய 200 டன் நிலக்கரி மீதமிருந்தது. போட்டிக்கு வந்த சீரியஸ் என்னும் சிறு கப்பல் ஒரு நாள் முன்னதாகவே வந்து சேர்ந்திருந்தது. எனினும் அதன் கரிக்கிடங்கு ஏறக்குறைய காலியாகிவிட்டிருந்தது. முதலில் வந்த பெருமை சீரியஸுக்கு. இலாபமாக வர முடியும் என்று காட்டிய பெருமை கிரேட் வெஸ்டர்னுக்கு.

ஆனால் கப்பல் தொழிலில் பொறியாளரின் கணக்கு மட்டும் போதாது. அட்லாண்டிக் தபாலைச் சுமக்கும் அரசு ஒப்பந்தம் 1839இல் சாமுவேல் குனார்டு என்பவருக்குச் சென்றது. ஆண்டுக்கு 50,000 பவுண்டுக்கு மேற்பட்ட நிலையான வருமானம் அவருக்கு உறுதியாயிற்று. ஒரே அளவான பல கப்பல்களைக் கட்டி, குறித்த நாளில் குறித்தபடி ஓட்டினார் குனார்டு. புரூனலின் கம்பெனியோ ஒரே கப்பலோடு நின்று, அடுத்ததை அதனினும் பெரிதாகக் கட்டத் தொடங்கியது. புரூனலின் மேதைமையை மதிக்கும் யானும் இவ்விடத்தில் குனார்டின் பக்கமே சாய்வேன். ஒரே வார்ப்பில் நான்கு கப்பல்களைச் செய்பவன் முதற்கப்பலில் கற்றதை மற்ற மூன்றிலும் காசாக்குகிறான். ஒவ்வொரு முறையும் புதிதாகத் தொடங்குபவனோ ஒவ்வொரு முறையும் கற்பதற்கே கட்டணம் செலுத்துகிறான்.

அந்த இரண்டாம் கப்பல்தான் கிரேட் பிரிட்டன். 1839இல் தொடங்கப்பட்டபோது அதற்கு ஏறக்குறைய 70,000 பவுண்டு செலவாகும் என மதிப்பிட்டனர். முடிந்தபோது ஆனது 1,17,000 பவுண்டுக்கு மேல். என்ன காரணம்? மரத்தில் கட்ட எண்ணியதை இரும்பில் கட்ட முடிவு செய்தனர். பக்கச் சக்கரங்களுக்கான இயந்திரப் பணி நடந்துகொண்டிருந்தபோதே, ஆர்க்கிமிடீஸ் என்னும் சோதனைக் கப்பல் திருகு விசிறியால் ஓடுவதைக் கண்டு அதற்கு மாற்றினர். சக்கர அச்சை அடித்து உருவாக்கும் அளவுக்குப் பெரிய சம்மட்டி எங்கும் இல்லாத நிலையில், ஜேம்ஸ் நாஸ்மித் நீராவிச் சம்மட்டியைக் கருத்தில் வடித்ததும் இக்கப்பலை முன்னிட்டே. ஆனால் திட்டம் மாறியதால் அந்த அச்சே தேவைப்படவில்லை! ஒவ்வொரு மாற்றமும் தன்னளவில் சரியானதே. இரும்பு உடலும் திருகு விசிறியும் பின்னர் உலகக் கப்பல்கள் அனைத்துக்கும் பொதுவாயின. ஆயினும் நடுவழியில் செய்யும் சரியான மாற்றத்திற்கும் விலை உண்டு. 1843 ஜூலை 19இல் மிதக்கவிடப்பட்ட கப்பல், துறைமுக வாயில் போதாமையால், 1844 டிசம்பர் வரை பிரிஸ்டலைவிட்டு வெளியேற முடியாமல் கிடந்தது. அத்தனை மாதங்களும் முதலீடு முடங்கிக் கிடந்தது என்பதே இதன் பொருள்.

1846 செப்டம்பரில் அக்கப்பல் அயர்லாந்தின் டன்ட்ரம் விரிகுடாவில் தரைதட்டிற்று. மரக்கலமாயிருந்தால் அலையில் சிதைந்திருக்கும். இரும்பு உடல் ஏறக்குறைய ஓராண்டு தாங்கி நின்று, மீட்கவும் பட்டது. இரும்பின் வலிமைக்கு இதைவிடச் சிறந்த சான்று வேண்டியதில்லை. ஆனால் கட்டிய செலவில் ஒரு சிறு பகுதிக்கே காப்பீடு செய்திருந்த கம்பெனி அத்தோடு முடிந்தது. கப்பல் 25,000 பவுண்டுக்குக் கைமாறிற்று. வாங்கியவர்கள் ஆஸ்திரேலியாவுக்குக் குடியேறுவோரை ஏற்றிச் சென்று பல ஆண்டுகள் பயன்பெற்றனர். கட்டியவர் தோற்ற இடத்தில் மலிவாக வாங்கியவர் வெல்வது கப்பல் வணிகத்தில் அடிக்கடி காணும் காட்சி.

இவ்வளவு கண்ட பின்னரும் புரூனல் அடங்கவில்லை. 1851இல் ஆஸ்திரேலியாவில் தங்கம் கண்டுபிடிக்கப்பட்டு மக்கள் அங்கு விரைந்தனர். நன்னம்பிக்கை முனையைச் சுற்றிச் செல்லும் நீராவிக் கப்பல்கள் வழியில் பலமுறை கரி ஏற்ற வேண்டியிருந்தது. அந்தக் கரியோ பிரிட்டனிலிருந்தே பாய்க்கப்பல்களில் அனுப்பிக் குவிக்கப்பட்டது. ஆகவே அங்கு அதன் விலை பல மடங்கு ஏறியிருந்தது. போகவும் வரவும் வேண்டிய நிலக்கரி முழுவதையும் தாயகத்திலேயே மலிவாக வாங்கித் தானே சுமக்கும் கப்பல் ஒன்றிருந்தால்? அதற்கு எத்துணைப் பெரிய உடல் வேண்டும் என்று தம் குறிப்பேட்டில் 1852இல் வரையத் தொடங்கினார். கணக்கு 692 அடி நீளத்தில் வந்து நின்றது. 83 அடி அகலம், 4,000 பயணிகள், 12,000 டன் நிலக்கரி. அன்று கடலில் ஓடிய பெருங்கப்பல்களைப்போல் ஏறக்குறைய ஆறு மடங்கு! இலங்கையின் திருகோணமலையைத் தலைத்துறையாகக் கொண்டு, பெருங்கப்பல் அதுவரை வர, சிறு கப்பல்கள் அங்கிருந்து கீழ்த்திசைத் துறைகளுக்குப் பிரிந்து செல்லலாம் என்ற யோசனையும் அக்காலத்தில் பேசப்பட்டது. நடந்திருந்தால் தமிழ் மக்கள் வாழும் அவ்வியற்கைத் துறைமுகத்தின் வரலாறு வேறாகியிருக்கும். நடக்கவில்லை.

கப்பலைக் கட்ட முன்வந்தவர் தேம்சுக் கரையில் பட்டறை வைத்திருந்த ஜான் ஸ்காட் ரஸ்ஸல். நீரலைகளை ஆராய்ந்து புகழ்பெற்ற அறிஞர். கப்பல் வடிவமைப்பில் வல்லவர். புரூனலின் மதிப்பீடு ஐந்து லட்சம் பவுண்டு. ரஸ்ஸல் கேட்டதோ 3,77,200 பவுண்டு மட்டுமே: உடலுக்கு 2,75,200, திருகு விசிறி இயந்திரங்களுக்கும் கொதிகலன்களுக்கும் 60,000, பக்கச் சக்கர இயந்திரங்களுக்கு 42,000. இதே போன்ற இரண்டாவது கப்பலையும் தமக்கே தந்தால் உடலின் விலையை மேலும் குறைப்பதாகவும் சொன்னார். 1853 டிசம்பரில் ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று.

இவ்விடத்தில் சற்று நின்று சிந்திக்கவேண்டும். வடிவமைத்தவரே ஐந்து லட்சம் ஆகும் என்று கணித்த வேலையை இன்னொருவர் நான்கில் மூன்று பங்குத் தொகைக்குச் செய்வதாகச் சொன்னால், மகிழ்ச்சிக்கு முன் ஐயமன்றோ எழவேண்டும்? பங்குதாரர்களுக்கு அது நற்செய்தியாகத் தோன்றியது. ரஸ்ஸலின் பட்டறை அவ்வாண்டு செப்டம்பரில்தான் தீவிபத்தில் பெருஞ்சேதமுற்றிருந்தது. அவருக்குக் கையில் ஒரு பெரிய வேலை உடனடியாகத் தேவைப்பட்டது. தேவையுடையவர் சொல்லும் விலை பொருளின் விலையன்று.

பணம் தரும் முறையிலும் சிக்கல் இருந்தது. வேலை வளர வளரத் தவணையாகப் பணம் தருவது கப்பல் கட்டுவோரிடை வழக்கம். எவ்வளவு இரும்பு பொருத்தப்பட்டுள்ளது என்று அளந்தே தவணை தரவேண்டும். அந்த அளவு குறித்தே புரூனலுக்கும் ரஸ்ஸலுக்கும் ஓயாத பூசல். புரூனலோ சின்னஞ்சிறு பொருத்தையும் தாமே ஒப்புக்கொள்ள வேண்டுமென்று நின்றார். வரைபடங்கள் திருத்தப்பட்டுக்கொண்டே இருந்தன. கிரிமியப் போர் வேறு வந்து பொருள்விலையைப் பாதித்தது. வங்கிக் கடனில் தத்தளித்த ரஸ்ஸல் 1856 பிப்ரவரியில் பணம் கொடுப்பதை நிறுத்தினார். ஒப்பந்தத் தொகையின் பெரும்பகுதி செலவாகியிருந்தது; கப்பலோ பாதியும் முடியவில்லை. பட்டறை வங்கியின் பிடிக்குச் சென்றது. தம் கப்பல் கிடந்த இடத்துக்கே கம்பெனி பணம் கொடுக்கும் நிலை வந்தது. பழி முழுவதையும் ரஸ்ஸல்மீது சுமத்தி நெடுங்காலம் எழுதினர். பின்வந்த ஆய்வாளர் சிலர் அதனை மறுத்துள்ளனர். எவர்மீது எவ்வளவு தவறு என்பதைவிட, இருவரும் சேர்ந்து ஏற்றுக்கொண்ட விலையே தவறு என்பது என் கருத்து.

அடுத்து வந்தது கப்பலை நீரில் இறக்கும் துயரப் படலம். உலர்துறை தோண்டிக் கட்டினால் செலவு மிகும் என்று கருதி, ஆற்றங்கரையில் பக்கவாட்டாகக் கட்டியிருந்தனர். 12,000 டன் எடையுள்ள இரும்பு மலையைச் சரிவில் பக்கவாட்டாகத் தள்ள வேண்டும். 1857 நவம்பர் 3ஆம் நாள் அமைதி வேண்டும் என்று புரூனல் கேட்டிருந்தார். பணமுடையில் இருந்த கம்பெனியோ அவரறியாமல் வேடிக்கை பார்க்க ஆயிரக்கணக்கில் நுழைவுச்சீட்டு விற்றிருந்தது! கூச்சலிடையே ஆணைகள் கேட்கவில்லை. சங்கிலி உருளை கட்டுமீறிச் சுழன்று தொழிலாளரைத் தூக்கி எறிய, ஒருவர் உயிரிழந்தார். கப்பல் சில அடிகள் அசைந்து நின்றுவிட்டது. அதன் பிறகு நீரழுத்த இயந்திரங்களைக் கொண்டு அங்குலம் அங்குலமாகத் தள்ளி, 1858 ஜனவரி 31ஆம் நாளன்று மிதக்க வைத்தனர். உலர்துறைச் செலவைத் தவிர்க்க எண்ணியவர்கள் இறக்கும் பணிக்கு மட்டும் ஒரு லட்சம் பவுண்டுக்கு மேல் கொடுத்தனர். அதுவரை ஆன மொத்தச் செலவு ஏழு லட்சத்தைத் தாண்டியது. கம்பெனி கலைந்தது. புதிய கம்பெனி ஒன்று கப்பலை ஏறக்குறைய 1,60,000 பவுண்டுக்கு வாங்கி, கிரேட் ஈஸ்டர்ன் என்ற பெயருடன் முடிக்க முற்பட்டது.

புரூனலின் உடல் இதற்குள் நைந்துவிட்டது. சிறுநீரக நோய் கண்டது. மருத்துவர் சொற்படி 1858 குளிர்காலத்தில் எகிப்து சென்றார். கெய்ரோவில் தம் தொழிற்போட்டியாளரும் உயிர்நண்பருமான இராபர்ட் ஸ்டீபன்சனோடு கிறிஸ்துமஸ் விருந்துண்டார். புரூனலின் பாதையகலத்தை எதிர்த்து வாதிட்ட அதே ஸ்டீபன்சன், கப்பலை இறக்க முடியாமல் அவர் தவித்த நாட்களில் உடன்வந்து நின்றவர். புரூனல் ஊரில் இல்லாத வேளையில் கப்பலை முடிக்கும் வேலை மீண்டும் ரஸ்ஸலிடமே போய்ச் சேர்ந்தது. 1859 செப்டம்பர் 5ஆம் நாள், புறப்பாட்டுக்கு இருநாள் முன்னர், கப்பல் தளத்திலேயே புரூனல் நோய்வாய்ப்பட்டு விழுந்தார். 9ஆம் நாள் ஹேஸ்டிங்ஸ் கடற்பகுதியில், மூடப்பட்டிருந்த ஒரு குழாயடைப்பால் புகைபோக்கியைச் சூழ்ந்த நீர்க்கூடு வெடித்து, கரி தள்ளும் தொழிலாளர் சிலர் மாண்டனர். அச்செய்தி படுக்கையில் இருந்தவருக்கு எட்டிற்று. 15ஆம் நாள் புரூனல் மறைந்தார். வயது 53. ஒரு மாதத்திற்குள் ஸ்டீபன்சனும் மறைந்தார்.

ஆஸ்திரேலியாவுக்கென்று கட்டப்பட்ட கப்பல் ஆஸ்திரேலியாவைக் காணவேயில்லை. அந்நெடும்பயணத்துக்கு வேண்டிய பணம் புதிய கம்பெனியிடம் இல்லை. 1860 ஜூனில் நியூயார்க்குக்குப் புறப்பட்டபோது, 400க்கும் மேற்பட்ட பணியாளரோடு கட்டணம் செலுத்திய பயணிகள் 35 பேரே இருந்தனர். 1862இல் அமெரிக்கக் கரையோரம் பாறையில் மோதி 83 அடி நீளத்துக்கு அடிப்பகுதி கிழிந்தது. புரூனல் அமைத்திருந்த இரட்டை உடலின் உட்சுவர் காத்ததால் கப்பல் மூழ்கவில்லை; பழுதுபார்த்த செலவில் கம்பெனிதான் மூழ்கியது. 1864இல் ஏலத்தில் 25,000 பவுண்டுக்கு அதனை வாங்கியவர்களுள் புரூனலிடம் இளமையில் பணியாற்றிய டேனியல் கூச் முதன்மையானவர். கடலடித் தந்திக் கம்பி முழுவதையும் ஒரே கப்பலில் ஏற்றவல்ல கலம் உலகில் இது ஒன்றே என்பதைக் கண்டவர் அவர். 1865இல் கம்பி அறுந்தது. 1866இல் பிரிட்டனும் அமெரிக்காவும் தந்தியால் இணைந்தன. 1870இல் வெயிலுக்காக வெண்மை பூசிக்கொண்டு பம்பாய் வந்து, அங்கிருந்து ஏடன் வரை கம்பி பதித்தது.

அவ்வேளையில் அக்கப்பலின் பிறப்புக்குக் காரணமான கணக்கே மாறிவிட்டிருந்தது. நிலக்கரியைப் பெரிதும் மிச்சப்படுத்தும் கூட்டுவிசை இயந்திரங்களோடு லிவர்பூலின் ஆல்ஃபிரட் ஹோல்ட் 1866 முதல் நடுத்தரக் கப்பல்களையே மொரீஷியஸ் வரை நிற்காமல் ஓட்டினார். 1869இல் சூயஸ் கால்வாய் திறந்து வழி குறுகியது. 12,000 டன் கரி சுமக்கும் உடல் எவருக்கும் தேவையற்றதாயிற்று. அதனினும் நீளமான கப்பல் 1899இல்தான் கட்டப்பட்டது. அதற்குள் கிரேட் ஈஸ்டர்ன் இல்லை. சில ஆண்டுகள் விளம்பரப் பலகையும் கண்காட்சிக் கூடமுமாக நின்று, 1888இல் 16,000 பவுண்டுக்குப் பழைய இரும்பாக விற்கப்பட்டது. முப்பது லட்சம் ஆணிகளால் இறுக்கப்பட்ட உடலை உடைக்க ஒன்றரை ஆண்டு ஆயிற்று. உடைக்கும் செலவும் எதிர்பார்ப்பை மீறியது.

கிரேட் பிரிட்டன் மட்டும் தப்பியது. தென் அட்லாண்டிக்கின் பாக்லாந்துத் தீவுகளில் கிடங்காகவும் பின்னர் கைவிடப்பட்ட கூடாகவும் கிடந்ததை 1970இல் இழுத்துவந்து, அது பிறந்த அதே பிரிஸ்டல் உலர்துறையில் ஜூலை 19ஆம் நாள் நிறுத்தினர். இன்று மக்கள் கட்டணம் செலுத்திப் பார்க்கின்றனர். கிரேட் ஈஸ்டர்னில் எஞ்சியவை சிலவே. தேம்சுக் கரையில் அது சறுக்கி இறங்கிய தளத்தின் மரங்கள் தெரிகின்றன. அதன் பாய்மரத்தின் மேற்பகுதி ஒன்று லிவர்பூலின் ஆன்ஃபீல்டு கால்பந்து அரங்கில் கொடிக்கம்பமாக நிற்கிறது.